ஒன்பதாம் எண் ஏன் திரும்பிப் பார்க்கிறான்?

கல்லூரிக் கூடைப்பந்து வீடியோ கேம் பத்தொன்பது வருடம் கழித்துத் திரும்பி வந்த அன்று கோயம்புத்தூரில் பாதிப் பேர் லீவு போட்டார்கள். மீதிப் பேர் ஆபீசுக்குப் போய் வேலை செய்யாமல் இருந்தார்கள். நொய்யல் வேளாண் வங்கியின் கிளை மேலாளர் மோகனசுந்தரம் மட்டும் நேரத்துக்குப் போய், ஒழுங்காக வேலை பார்த்து, மதியம் கழிப்பறைக்குள் நுழைந்து தாழ்ப்பாள் போட்டுக்கொண்டு நடுங்கினார்.

காரணம் இருந்தது. அந்த கேமில் அவர் இருந்தார்.

பழைய ‘கல்லூரிக் களம்’ கேம் வேறு ரகம். எல்லா ஆட்டக்காரனும் ஒரே அச்சில் வார்த்த பொம்மைதான், சட்டை எண்ணை வைத்துத்தான் ஆளைச் சொல்ல முடியும். அதற்கே, எங்களைக் கேட்காமல் எங்கள் எண்ணை எப்படிப் போடலாம் என்று ஆட்டக்காரர்கள் கோர்ட்டுக்குப் போய் அதை மூட வைத்தார்கள். இப்போது வந்திருப்பது அப்படியல்ல. கல்யாண வீடியோ எடுப்பவர்கள் அந்தக் காலத்தில் டோர்னமெண்ட்டுகளுக்கு வந்து எடுத்த கேசட்டுகளை எல்லாம் பரணிலிருந்து இறக்கி ஓர் இயந்திரத்துக்குப் போட்டுக் காட்டினார்களாம். அது ஒவ்வோர் ஆளையும் உரித்து எடுத்துக்கொண்டது. எவன் எப்படி ஓடுவான், எவனுக்கு எப்போது மூச்சு வாங்கும், எவன் யாரைக் கண்டால் முறைப்பான் என்று எல்லாமே அதற்கு அத்துப்படி.

வந்த பத்தாவது நாளில் நாடே தலையில் தூக்கிவைத்து ஆடியது, செங்காடு கலைக் கல்லூரியின் 1999ஆம் ஆண்டு அணியை. அதிலும் ஒன்பதாம் எண், கே. மோகனசுந்தரம். இறுதி ஆட்டத்தில் முப்பத்தெட்டுப் புள்ளி எடுத்த மகராசன். லூதியானாவிலும் ஐஸ்வாலிலும் பிள்ளைகள் அந்தப் பெயரை ஆளுக்கொரு விதமாக உடைத்துக் கூப்பிட்டுக்கொண்டிருந்தார்கள்.

வங்கிக்குக் கணக்கு ஆரம்பிக்க வந்தவர்கள் மேலாளரைக் கண்ணாலேயே அளந்தார்கள். கேமில் ஆள் ஐந்தடி பத்து அங்குலம். நாற்காலியில் இருந்தவர் ஐந்தடி ஆறு.

“வயசானா சுருங்கிருவமுங்” என்றார் மோகனசுந்தரம். நான்கு அங்குலம் சுருங்குவது கொஞ்சம் அதிகம்தான். ஆனால் புகழ் வந்த மனிதனிடம் யார் டேப்பை நீட்டுவார்கள்?

வெள்ளிக்கிழமை பதினொரு மணிக்கு கேம் கம்பெனியிலிருந்து மிருதுளா என்ற பெண் வந்தாள். சென்னைக்காரி. முப்பது வயதிருக்கும். கையில் ஒரு டேப்லெட், முகத்தில் துருவும் புன்னகை. மோகனசுந்தரம் ஆப்பிள் ஜூஸ் சொல்லி அனுப்பினார்.

“நாட்டிலேயே அதிகம் பேர் தேர்ந்தெடுக்கிற ஆட்டக்காரர் நீங்கதான் சார். ரெண்டு விஷயமா வந்தேன். ஒண்ணு, இன்னும் வாங்காம நிக்கிற உங்க சம்மதம். இன்னொண்ணு, ஒரு சின்னக் கோளாறு.”

“என்ன கோளாறும்மா?”

“கூட்டம் பேரைச் சொல்லிக் கத்தினா மத்த ஆட்டக்காரங்களுக்கெல்லாம் வேகம் கூடும். உங்களுக்கு மட்டும் குறையுது. பாருங்களேன்.”

டேப்லெட்டில் ஒன்பதாம் எண் பந்தைத் தட்டிக்கொண்டு மூன்று பேரை ஏமாற்றிப் பாய்ந்தான். கூட்டம் “மோகனசுந்தரம்! மோகனசுந்தரம்!” என்று அலறியது. அவன் காதில் வாங்கவே இல்லை. இரண்டு நொடி கழித்து ஏதோ ஞாபகம் வந்தவனாகச் சட்டென்று நின்று, ஓரத்துப் பெஞ்சைத் திரும்பிப் பார்த்தான். பெஞ்சில் தலை நிறைய முடியோடு ஒருவன் துண்டை வீசி வீசி, “நீதான், நீதான்” என்று கையைக் காட்டிக்கொண்டிருந்தான். ஒன்பதாம் எண் “ஓ, நானா” என்று தலையாட்டினான். அதற்குள் எதிரணிக்காரன் பந்தைப் பிடுங்கிக்கொண்டு போய்விட்டான்.

“பேரைச் சொன்னா நீங்க ஏன் சார் பெஞ்சைப் பார்க்கிறீங்க?”

“கழுத்துச் சுளுக்கும்மா.”

“துண்டு வீசறவர் யாரு?”

மோகனசுந்தரம் தன் வழுக்கைத் தலையைத் தடவினார். “யாரோ எக்ஸ்ட்ரா பிளேயர். பேரு மறந்துபோச்சு.”

“நீங்களே அதைச் சரி பண்ணிக்கலாமே?” என்றும் ஒரு கேள்வியைப் போட்டுப் பார்த்தார்.

“நாங்க எதையும் எழுதலை சார். கேசட்டைக் காட்டினோம், அதுவே கத்துக்கிச்சு. ஏன் இப்படிச் செய்யுதுன்னு எங்களுக்கே தெரியாது. அதனாலதான் ஆளையே கேட்க வந்தேன். இன்னொண்ணும் இருக்கு. இறுதி ஆட்டம், கடைசி நாலு நொடி. ஒரு புள்ளி பின்னாடி இருக்கீங்க. இதைக் கேளுங்க.”

ஒன்பதாம் எண் எகிறினான். பந்து கையை விட்டுப் போகிற நேரம். கூட்டத்தின் இரைச்சலுக்கு நடுவே ஒரு கரகரத்த குரல் தனியாக எழுந்தது: “டேய் தனபாலூ!” எகிறியவன் அந்தரத்திலேயே வெலவெலத்துப் போனான். பந்து நழுவியது.

“ஆயிரம் தடவை ஓட்டிப் பார்த்துட்டோம் சார். அந்தக் குரல் இல்லைன்னா பந்து உள்ளே போகுது. குரல் இருந்தா நழுவுது. யாரு சார் தனபால்?”

மோகனசுந்தரம் டேப்லெட்டிலிருந்து கண்ணை எடுத்தார். முப்பத்திரண்டு வருடமாக அவர், களைப்பில்தான் அந்தப் பந்து நழுவியது என்று நினைத்துக்கொண்டிருந்தார். இந்தக் குரலை அன்று அவர் கேட்கவே இல்லை.

“நாயிம்மா” என்றார்.

“நாயா?”

“கிரவுண்டுல சுத்திட்டு இருக்கும். எல்லாரும் தனபாலு தனபாலுன்னு கூப்புடுவாங்க.”

மிருதுளா குறித்துக்கொண்டாள். அவள் குறித்துக்கொண்ட விதம் அவருக்குப் பிடிக்கவில்லை. பிறகு, “இந்தக் கேபின்ல இருந்து கேஷ் கவுண்டர் வரைக்கும் ஒரு நடை நடங்க சார்” என்று சொல்லி டேப்லெட்டைப் பிடித்தாள். பழைய வழக்குக்குப் பிறகு வந்த சட்டமாம். இன்னார் உருவம் இது என்று உடம்பே சாட்சி சொல்ல வேண்டும். கையெழுத்து மட்டும் செல்லாது. மோகனசுந்தரம் வயிற்றை எக்கிக்கொண்டு நடந்து காட்டினார்.

“ஏழு சதவீதம் ஒத்துப்போகுது சார்.”

“முழங்கால் வலிம்மா, அதான்.”

“எங்க ஆபீஸ் வாட்ச்மேனுக்குப் பதினொண்ணு வந்துச்சு.”

அவள் கிளம்பும்போது சொன்னாள்: “அடுத்த சனிக்கிழமை காலையில கல்லூரியிலேயே முழுச் சோதனை வச்சுக்கலாம். அதுலயும் ஒத்துப்போகலைன்னா பரவாயில்லை சார். கேசட் கோளாறுன்னு எழுதிட்டு ஒன்பதாம் எண்ணை அழிச்சிடுவோம். உரியவர் இல்லாத உருவத்தை வச்சிருக்கக் கூடாதுன்னு சட்டம். ஒரிஜினல் கேசட்டையும் சேர்த்து அழிக்கணும்.”

அழித்துவிட்டால் தொல்லை விட்டது. யாரும் எதுவும் கேட்கப்போவதில்லை. அவள் போன பிறகு மோகனசுந்தரம் அவளுக்கு வாங்கி வைத்த ஜூஸையும் சேர்த்துத் தானே குடித்தார்.

உண்மை இதுதான். மோகனசுந்தரத்துக்குப் பந்தைத் தொடர்ந்து நாலு தட்டு தட்டத் தெரியாது. தாய்மாமன் கல்லூரிக் கமிட்டியில் இருந்ததால் விளையாட்டுக் கோட்டாவில் சீட்டுக் கிடைத்தது. பி.டி. சார் அவரை இரண்டு நாள் ஆடவிட்டுப் பார்த்துவிட்டு மூன்றாம் நாள் ஜெலுசில் குடித்தார். கல்லூரிச் சுவருக்கு அந்தப் பக்கம் ஒரு லேத் பட்டறை. அங்கே வேலை செய்த தனபால் என்ற இருபது வயதுக்காரன் சாப்பாட்டு நேரத்தில் சுவரேறிக் குதித்து வந்து, எண்ணெய்க் கையோடு பந்து போடுவான். போட்டது எல்லாம் உள்ளே போகும்.

“இவன் மட்டும் நம்ம காலேஜா இருந்தா!” என்று பெருமூச்சு விட்ட பி.டி. சார், கொஞ்ச நேரம் யோசித்துவிட்டு, “இருந்துட்டாப் போச்சு” என்றார்.

அந்தக் காலத்தில் இது ஊரறிந்த வித்தைதான். ஒருவன் பெயரில் இன்னொருவன் ஆடுவான். மோகனசுந்தரத்தின் பெயர், தனபாலின் உடம்பு. இருவருக்கும் ஒரே மாதிரி அரும்பு மீசை. சான்றிதழ்ப் படத்தில் வித்தியாசம் தெரியவில்லை. ஒரே ஒரு சிக்கல், மைக்கில் “மோகனசுந்தரம்” என்று கூப்பிட்டால் தனபால் திரும்ப மாட்டான். உண்மை மோகனசுந்தரம்தான் பழக்கதோஷத்தில் எழுந்து நிற்பார். அதற்காகத்தான் துண்டு ஏற்பாடு.

ஆட்டத்தில் ஒரு புள்ளியில் தோற்றாலும் ‘சிறந்த ஆட்டக்காரர்’ கோப்பை ஒன்பதாம் எண்ணுக்குக் கிடைத்தது. அந்தச் சான்றிதழை வைத்து விளையாட்டு ஒதுக்கீட்டில் வங்கி வேலை. பத்திரிகையில் வந்த படத்தைப் பார்த்து மயங்கிய மாமனார் இன்ஜினியர் மாப்பிள்ளையைக் கழித்துவிட்டுப் பெண்ணைக் கொடுத்தார். அந்தப் படம் இன்றைக்கும் ஹாலில் தொங்குகிறது. பந்து போடுகிறவனின் முதுகு மட்டும்தான் அதில் தெரியும்.

தனபால் மறுநாள் லேத்துக்குத் திரும்பிப் போனான். அதற்குப் பிறகு மோகனசுந்தரம், பட்டறை இருந்த கணபதிப் பக்கம் போக வேண்டியிருந்தால் காந்திபுரத்தைச் சுற்றிக்கொண்டு போவார். வெட்கம் என்று ஒன்று மனிதனுக்கு எவ்வளவு பெட்ரோல் செலவு வைக்கிறது பாருங்கள்.

ஞாயிற்றுக்கிழமை அவர் சுற்றாமல் நேராகப் போனார்.

தனபால் இப்போது சொந்தமாகச் சின்ன லேத் வைத்திருந்தான். பம்பு செட்டுக்கு ஷாஃப்ட் கடைவது. ஐம்பத்திரண்டு வயது, நரைத்த மீசை, லேசாகத் தொப்பை. ஆனால் எழுந்து வந்த நடையில் ஒரு துள்ளல் இருந்தது. அந்த நடையைப் பார்த்ததும் மோகனசுந்தரம் தன் வயிற்றை எக்கிக்கொண்டார்.

“அட, மோகனு! என்ன, வழி தப்பி வந்துட்டயா?”

மோகனசுந்தரம் எல்லாவற்றையும் கொட்டினார். நாய்ச் சமாசாரத்தையும் விடவில்லை, மறைக்க முடியவில்லை.

தனபால் பனியன் துணியில் கையைத் துடைத்துக்கொண்டே கேட்டான்: “என்ன ரக நாயின்னு கேட்டாங்களா?”

“இல்லீப்பா.”

“கேட்டா ராஜபாளையம்னு சொல்லு. கம்மியாச் சொல்லிப்போடாதே.”

மோகனசுந்தரத்துக்குச் சிரிப்பதா அழுவதா என்று தெரியவில்லை. வந்த காரியத்தைச் சொன்னார். தனபால் மாதிரி நடக்கக் கற்றுக்கொள்ள வேண்டும். சனிக்கிழமைக்குள்.

“அதுக்கென்ன, உன்ற பேர்ல நான் ஆடுனேன். என்ற நடையில நீ நட. கணக்குச் சரியாப் போச்சு.”

பட்டறைக்கு முன்னால் இருந்த தெருவில் பயிற்சி தொடங்கியது. தனபால் முன்னால் நடந்தான். வங்கி மேலாளர் அவனுக்குப் பின்னால், குதிகாலைத் தூக்கி, தோளைச் சாய்த்து, துள்ளித் துள்ளிப் போனார். எதிர் வீட்டு அம்மாள் கோலப்பொடியோடு வெளியே வந்து பார்த்துவிட்டு, “தனபாலண்ணா, அவருக்கு என்னாச்சுங்? காலுல முள்ளா?” என்று விசாரித்தாள். மூன்றாவது சுற்றில் மோகனசுந்தரத்துக்கு உண்மையிலேயே தொடை பிடித்துக்கொண்டது. தனபால் அவரைத் தூக்கிக்கொண்டு வந்து ஸ்டூலில் உட்கார வைத்தான்.

“ஆமா, அது என்ன ஆட்டம்? காட்டு, பாக்கலாம்.”

மகள் தாரணியின் போனை எடுத்து வந்திருந்தார். அதில் போட்டுக் கொடுத்தார்.

தனபால் மூக்குக் கண்ணாடியை மாட்டிக்கொண்டு பார்த்தான். லேத் சும்மா ஓடிக்கொண்டிருந்தது, எழுந்துபோய் அதை நிறுத்திவிட்டு வந்து மறுபடி பார்த்தான். ஒன்பதாம் எண் இடது பக்கம் போவதுபோல் போக்குக் காட்டி வலது பக்கம் திரும்பி எகிறினான். தனபாலின் தோள் தன்னையறியாமல் அசைந்தது.

“மோகனு.”

“சொல்லுப்பா.”

“நான் இவ்வளவு நல்லாவா ஆடுனேன்?”

இத்தனை வருடத்தில் தனபால் தன் ஆட்டத்தைத் தானே ஒரு தடவைகூடப் பார்த்ததில்லை என்பது அப்போதுதான் மோகனசுந்தரத்துக்கு உறைத்தது. யார் காட்டியிருப்பார்கள்? படம் இருந்தது மோகனசுந்தரத்தின் வீட்டு ஹாலில். கோப்பை இருந்தது அவருடைய ஷோகேஸில்.

“நானும் இத்தன நாளா, சும்மா ஏதோ சின்ன வயசுல துள்ளுனோம்னு நெனச்சுட்டு இருந்தேன்” என்றான் தனபால். கண்ணாடியைக் கழற்றித் துடைத்தான். துணியில் இருந்த எண்ணெய் கண்ணாடியெல்லாம் அப்பிக்கொண்டது.

“அந்தக் கடைசிப் பந்து...” என்று இழுத்தார் மோகனசுந்தரம்.

“எங்க பட்டறை மாரப்பன். ஆசையாத்தான் கூப்புட்டான், பாவம். ஆயிரம் பேரு மோகனசுந்தரம்னு கத்துறாங்க. ஒருத்தன் மட்டும் என்ற பேரச் சொல்றான். எனக்கு எப்புடி இருந்துச்சுங்கற? அவன் வாயப் பொத்தோணும்னு இருந்துச்சு. மாட்டிக்கிட்டா உன்ற சீட்டுக் கிழிஞ்சுருமே. அந்த நெனப்புல கை வழுக்கிருச்சு.” போனைத் திருப்பிக் கொடுத்தான். “அழிச்சா அழிக்கட்டும் உடு. நான் பாத்துட்டேன், போதும்.”

போதும் என்று சொன்னவன், மோகனசுந்தரம் போனைப் பைக்குள் வைக்கும்போது அந்தப் பையையே பார்த்துக்கொண்டிருந்தான்.

வீட்டுக்குப் போகும் வழியில் மோகனசுந்தரம் இரண்டு சிக்னலில் பச்சை விழுந்தும் நின்றார். வாயைத் திறக்காமல் இருந்தால் வேலை இருக்கும், பெயர் இருக்கும், ஒன்பதாம் எண் இருக்க மாட்டான். திறந்தால் ஒன்பதாம் எண் இருப்பான், மற்றது எதுவும் இருக்காது. பின்னால் வந்த டவுன் பஸ்காரர் அவருடைய குடும்பத்தையே விசாரித்துவிட்டுப் போனார்.

வீட்டில் முதலில் மனைவி கருணாம்பிகையிடம் சொன்னார். அவள் அவரைப் பார்த்தாள். ஹாலில் தொங்கிய படத்தைப் பார்த்தாள். மறுபடி அவரைப் பார்த்தாள்.

“அப்ப, இத்தன வருசமா நான் தொடச்சது ஊரான் முதுகையாங்?”

“கருணா, மெதுவா.”

“வாரா வாரம் ஈரத்துணி போட்டுத் தொடச்சேனே! ஒறம்பரை வந்தா, இதுதான் எங்கூட்டுக்காரருன்னு அந்த முதுகைத்தானே காட்டுனேன்!” சமையலறைக்குள் போய்ப் பாத்திரங்களை இடம் மாற்றி வைத்தாள், சத்தமாக. அரை மணி நேரம் கழித்து வெளியே வந்தாள். “பாங்கில சொன்னா வேலை போயிருமாங்?”

“போயிரும்.”

“சொல்லலீன்னா அந்தண்ணன் ஆடுனது போயிரும்.”

“ஆமா.”

“அப்புறம் ஏனுங் என்னையப் பாத்துட்டு நிக்கறீங்க? நாயின்னு வேற சொல்லிருக்கறீங்க!”

மகள் தாரணிதான் நிலைகுலைந்து போனாள். கல்லூரியில் அவள் பத்து நாளாக ‘ஒம்போது மக’ என்ற பட்டத்தோடு ராணி மாதிரி நடமாடிக்கொண்டிருந்தாள். இரண்டு நாள் அப்பாவோடு பேசவில்லை. மூன்றாம் நாள் வந்து, “துண்டு ஆட்டுனது நீங்களாப்பா?” என்று மட்டும் கேட்டாள். ஆமாம் என்றார். “அதையாவது நல்லா ஆட்டிருக்கறீங்க” என்று சொல்லிவிட்டுப் போனாள்.

பிறகு மிருதுளாவுக்குப் போன் செய்து எல்லாவற்றையும் சொன்னார்.

“அப்போ அது நாயில்லையா சார்?”

“இல்லம்மா.”

“நினைச்சேன். எந்த நாய்க்கும் முழு நீளப் பேர் வைக்க மாட்டாங்க.” பிறகு அவள் தொழிலுக்கு வந்தாள். “பேரை மாத்தறது சுலபம். ஆனா மாத்தினாலும் பிரயோஜனமில்லை. ஒரு பேரைச் சொன்னா முழிக்கிறார், இன்னொரு பேரைச் சொன்னா பயந்துக்கிறார். மனுஷன் எந்தப் பேர்லதான் ஆடுவார்? தனபால்ங்கிற பேருக்கு அந்த மெஷின்கிட்ட இருக்கிறது ஒரே ஒரு பதிவு. அது பயம். புதுசா இன்னொரு பதிவு வேணும். அவர் வரணும், அதே மாதிரி கூட்டம் இருக்கணும், மைக்ல அவர் பேரைக் கூப்பிடணும், அவர் பந்தைப் போடணும்.”

“மைக்ல யாரு கூப்புடறது?”

“அவருக்கு யார் கூப்பிட்டா பயம் போகுமோ அவங்க.”

சனிக்கிழமை காலை செங்காடு கல்லூரி மைதானம் நிரம்பி வழிந்தது. ‘மோகனசுந்தரம் சார் வாழ்க’ என்று ஒரு பேனர். முன் வரிசையில் சிறப்பு விருந்தினராக, நொய்யல் வேளாண் வங்கியின் பொது மேலாளர், மாலையோடு. தம் வங்கியின் முத்து என்று மோகனசுந்தரத்தைப் பற்றி ஏற்கெனவே ஏழு நிமிடம் பேசிவிட்டு உட்கார்ந்திருந்தார். கூட்டத்தின் ஓரத்தில் கறை படிந்த காக்கிச் சட்டையோடு தனபால். வர மாட்டேன் என்று நேற்று வரை அடம்பிடித்தவனைக் கருணாம்பிகைதான் நேரில் போய்க் கூட்டி வந்தாள். “உங்க முதுகு எனக்கு நல்லாத் தெரியுமுங்ணா, முகத்தையும் பாத்தர்றேன்” என்று சொன்னாளாம்.

மோகனசுந்தரம் மைக்கைப் பிடித்தார். எழுதி வைத்திருந்த பேச்சைப் பையிலேயே விட்டுவிட்டார்.

“எனக்குப் பந்து விளையாடத் தெரியாதுங்” என்றார்.

கூட்டம் சிரித்தது. பெரிய மனிதரின் அடக்கம் என்று நினைத்துக் கைகூடத் தட்டியது. பொது மேலாளர்தான் எல்லோரையும்விடப் பலமாகத் தட்டினார்.

“நெசமாத்தானுங். எனக்கு எப்பவுமே தெரியாது. என்ற பேர்ல ஆடுனது வேற ஆளு. அந்தக் கோப்பை அவருது. அதக் காட்டி நான் வேலை வாங்குனேன். ஒன்பதாம் எண்...” கூட்டத்தின் ஓரத்தில் காக்கிச் சட்டையைத் தேடிப் பிடித்தார். “ஒன்பதாம் எண், தனபால்!”

கைதட்டல் ஒவ்வொன்றாக நின்றது. பொது மேலாளரின் கைதான் கடைசியாக நின்றது.

தனபால் பந்தோடு களத்தின் நடுவே வந்து நின்றான். நடைக்குத் தொண்ணூற்று மூன்று சதவீதம் வந்துவிட்டது என்று மிருதுளா சைகை காட்டினாள். மோகனசுந்தரம் மறுபடி கூப்பிட்டார்: “தனபால்!” தனபால் எகிறினான். அந்தரத்தில் அதே வெலவெலப்பு. பந்து நழுவி உருண்டது.

அந்தப் பயம் கேசட்டில் மட்டும் இல்லை, இந்த மனிதனுக்குள்ளேயே குடியிருந்தது. தன் பெயரைக் கேட்டாலே ஒருவன் இத்தனை காலம் கழித்தும் திருட்டுப் பட்டம் கட்டப்பட்டவன்போல் நடுங்குகிறான் என்றால், அதைச் செய்தவன் யார்?

“தனபால்!” நழுவியது.

“தனபால்!” வளையத்தில் பட்டுத் தெறித்தது.

ஏழு, எட்டு, பன்னிரண்டு தடவை. மாணவர்கள் நெளிந்தார்கள். சிலர் போனை எடுத்துக்கொண்டார்கள். வெயில் ஏறியது. மிருதுளா உதட்டைக் கடித்துக்கொண்டு டேப்லெட்டைப் பார்த்தாள். மோகனசுந்தரம் நிறுத்தவில்லை. வேலை எப்படியும் போய்விட்டது, இனி மைக் பேட்டரி தீரும்வரை கூப்பிடலாம். முப்பத்திரண்டு வருடமாகக் கூப்பிடாமல் விட்டதை எல்லாம் இன்றைக்கே கூப்பிட்டுவிடுவது என்ற வேகத்தில் கத்தினார். குரல் கட்டிக்கொண்டு வாத்துச் சத்தம் வந்தது. அப்போதும் விடவில்லை.

“தனபால்! தனபால்! தனபால்!”

இருபத்து மூன்றாவது தடவையோ என்னவோ, பந்தைத் தட்டிக்கொண்டு போன தனபாலுக்குச் சுர்ரென்று கோபம் வந்துவிட்டது.

“காது கேக்குதுடா! எத்தன வாட்டிடா கூப்புடுவ!” என்று மைதானமே அதிரக் கத்திக்கொண்டே, யாரையும் பார்க்காமல், போகிற போக்கில் பந்தை எறிந்தான்.

பந்து வளையத்தைத் தொடாமல் உள்ளே இறங்கியது.

கூட்டம் எழுந்து நின்றது. பெயர் இப்போது எல்லோருக்கும் தெரிந்திருந்ததால், அவர்கள் கூப்பிட ஆரம்பித்தார்கள். தனபால் இடுப்பில் கை வைத்துக்கொண்டு மூச்சு வாங்க நின்று, அத்தனை பேர் வாயிலும் தன் பெயரைக் கேட்டான். கொஞ்ச நேரம் கேட்டுவிட்டு முகத்தைச் சட்டையில் துடைத்துக்கொண்டான். வேர்வைதான் என்று அவன் சொன்னால் நாம் நம்பிக்கொள்வோம்.

பொது மேலாளர் மாலையைக் கழற்றி நாற்காலியில் வைத்துவிட்டு, “திங்கட்கிழமை ஹெட் ஆபீஸ் வாங்க” என்று சொல்லிப் போனார். விசாரணை மூன்று மாதம் நடந்தது. மூன்றாவது மாதக் கடைசியில் வேலை போனது. மோகனசுந்தரம் அழுதார். அழாமல் இருக்க அவர் என்ன கல்லா? கருணாம்பிகை படத்தைக் கழற்றி, கோப்பையோடு சேர்த்துத் தனபாலின் பட்டறைக்குக் கொடுத்தனுப்பினாள். ஹாலில் அந்த இடம் மட்டும் சதுரமாக வெளுத்துக் கிடக்கிறது.

இயந்திரம் அந்த ஒரே பதிவிலிருந்து எல்லாவற்றையும் திருத்திக்கொண்டது. ஒன்பதாம் எண் தனபால் இப்போது பெயரைச் சொன்னால் நிற்பதில்லை, நழுவ விடுவதும் இல்லை. ஆனால் கற்றுக்கொண்டது கற்றுக்கொண்டதுதானே? கூட்டம் மூன்று தடவைக்கு மேல் கூப்பிட்டால், இருபது வயது தனபால் பந்தை எறிந்துகொண்டே, “காது கேக்குதுடா! எத்தன வாட்டிடா கூப்புடுவ!” என்று சீறுகிறான். அது கோளாறு என்று கம்பெனி எடுக்கப் பார்த்தது. நாடு முழுக்க ஆட்டக்காரர்கள் கொதித்தெழுந்து, கூடாது என்று சொல்லிவிட்டார்கள். ஐஸ்வாலில் பிள்ளைகள் அம்மா கூப்பிட்டால் இப்படித்தான் தமிழில் பதில் சொல்கிறார்களாம்.

மோகனசுந்தரமும் ஆடுகிறார், மகளின் கேமை வாங்கி, காலைச் சாப்பாடு முடிந்ததும் உட்கார்ந்துகொண்டு. அவருக்கு இன்றைக்கும் ஒரு பந்துகூடப் போட வராது. ஒன்பதாம் எண்ணை எடுத்துக் களத்தில் நிறுத்திவிட்டு, மைக் பொத்தானை அமுக்கி, “தனபால்” என்று கூப்பிடுவார். மறுபடி கூப்பிடுவார். திட்டு விழும்வரை கூப்பிட்டுவிட்டு, வாங்கிக்கொண்டு, இன்னொரு தடவை கூப்பிடுவார்.